தூரமாங்க?

எங்கள் கடைவீதியில், வெளியே கிளம்புகிறவரைப் பார்த்து எங்கே போகிறீர்கள் என்று யாரும் கேட்பதில்லை. கேட்டால் போகிற காரியம் விளங்காது என்பார்கள். கேட்டே ஆக வேண்டுமென்றால் "தூரமாங்க?" என்று கேட்கலாம். கிளம்புகிறவர் டெல்லிக்கே போனாலும் "பக்கந்தானுங்க" என்று சொல்லிவிட்டு நடையைக் கட்டுவார். கேட்டவருக்கும் மரியாதை, சொன்னவருக்கும் மரியாதை. விஷயம் மட்டும் யாருக்கும் தெரியாது.

நான் சேலம் செவ்வாய்ப்பேட்டையில் பிறந்தவள். அங்கேயும் இந்த வழக்கம் உண்டுதான். ஆனால் எங்கள் அப்பாவுக்கு ஒரு குணம். எங்கே போகிறார், யாரைப் பார்க்கப் போகிறார், அவனை என்னவெல்லாம் திட்டப் போகிறார் என்று ஊருக்கே கேட்கும்படி சொல்லிவிட்டுத்தான் செருப்பையே மாட்டுவார். கேட்க வேண்டிய வேலை எங்களுக்கு வந்ததே இல்லை. அப்படி வளர்ந்தவளை ஏற்காட்டில் கட்டிக்கொடுத்தார்கள். வீட்டுக்காரர் ஒரு எஸ்டேட்டில் லாரி ஓட்டினார். ரோட்டைப் பார்த்த முன்னறையில், ஜன்னலோரம் மெஷினைப் போட்டுக்கொண்டு நான் ஜாக்கெட் தைத்தேன். எனக்கு வாய் கொஞ்சம் நீளம். போகிறவர் வருகிறவரை விசாரிக்காவிட்டால் சோறு இறங்காது.

எதிரில் ஒரு காப்பிக்கொட்டை மண்டி இருந்தது. நான் வந்த புதிதில் ஒருநாள், மண்டிக்காரர் ஜீப்பில் ஏறும்போது, எதிர்வீட்டுக்காரர் என்ற உரிமையில் "எங்க மாமா போறீங்க?" என்று கேட்டுவிட்டேன். தெருவே என்னைத் திரும்பிப் பார்த்தது. அவர் பதில் சொல்லாமல் ஏறிக்கொண்டார். ஜீப் அடிவாரம் போய்ச் சேரவில்லை. ஒரு கொண்டை ஊசி வளைவில் சுவரில் மோதி அவருக்குக் கால் முறிந்தது. ஓட்டியவன் காலையிலேயே குடித்திருந்தான். அது எல்லோருக்கும் தெரியும். ஆனால் அவன் மண்டிக்காரர் மனைவிக்குத் தம்பி முறை. அதனால் அவன் குடித்ததைப் பற்றி யாரும் பேசவில்லை, என் வாயைப் பற்றித்தான் பேசினார்கள். அதன்பிறகு சேலத்துக்குக் கிளம்புகிறவர்கள் என் ஜன்னலுக்குப் பயந்து, சந்து வழியாகச் சுற்றிக்கொண்டு பஸ் ஸ்டாண்டுக்குப் போனார்கள். துணி தைக்கக் கொடுக்க மட்டும் நேர்வழியிலேயே வந்தார்கள்.

சில வருஷம் கழித்து மண்டிக்காரரின் ஒரே மகனுக்குக் கல்யாணம் ஆயிற்று. பெண்ணுக்கு ஆத்தூர்ப் பக்கம். தாய் தகப்பன் இல்லாமல் சித்தப்பா வீட்டில் வளர்ந்தவள். அந்த மகனைப் போல மரியாதை தெரிந்த பிள்ளையைத் தெருவில் பார்க்க முடியாது. பெரியவர்கள் எதிரே வந்தால் மடித்துக் கட்டிய வேட்டியை இறக்கிவிடுவான். பூ விற்கிற அம்மாவைக்கூட வாங்க போங்க என்றுதான் பேசுவான். வீட்டுக்குள் போனால் அவளை அடிப்பான்.

சாயங்காலம் மண்டி மூடிய பிறகு சத்தம் வரும். முதலில் ஏதாவது பாத்திரம் விழும். உடனே பக்கத்து டீக்கடைக்காரர் கையை நீட்டி ரேடியோவைச் சத்தமாக வைப்பார். முதல் தடவை, ஏதோ நல்ல பாட்டுப் போலிருக்கிறது என்று நினைத்தேன். போகப்போகத்தான் புரிந்தது. பாட்டானாலும் சரி, விவசாயிகளுக்கு உரம் போடச் சொல்லிக்கொடுக்கிற நிகழ்ச்சியானாலும் சரி, அங்கே பாத்திரம் விழுந்தால் இங்கே ரேடியோ ஏறும். அழுகை அடங்கினால் இறங்கும். டீ குடிக்கிறவர்கள் டம்ளரையே பார்த்துக்கொண்டு நிற்பார்கள்.

பொறுக்க மாட்டாமல் ஒருநாள் டீக்கடைக்காரரிடம் சண்டைக்கே போனேன். "ஊட்டு விவகாரம் தெருவுக்குக் கேட்டா அந்தப் புள்ளைக்குத்தானுங்க அசிங்கம்" என்றார். அவர் நல்ல மனுஷன். என் வயிற்றெரிச்சலே அதுதான். கெட்டவன் செய்தால் கெட்டவன் என்று திட்டித் தீர்த்துவிடலாம். எங்கள் தெருவில் இருந்தவர்கள் எல்லாம் தங்கமான மனிதர்கள். இதுதான் ஒழுக்கம் என்று யாரோ அவர்களுக்குச் சொல்லிக்கொடுத்திருந்தார்கள், அதை அவர்கள் அப்பழுக்கில்லாமல் கடைப்பிடித்தார்கள்.

அவளுக்கு ஒரு பெண் குழந்தை பிறந்தது. அது நடந்து, பேசி, என்னை அத்தை என்று கூப்பிடவும் ஆரம்பித்துவிட்டது. ஐப்பசி மழை விட்டு மூடுபனி இறங்கியிருந்த ஒரு காலையில், அவள் குழந்தையைக் கையில் பிடித்துக்கொண்டு வெளியே வந்தாள். கதவைச் சத்தமில்லாமல் சாத்தினாள். பஸ் ஸ்டாண்டுப் பக்கம் போகாமல், பாறைக்குப் போகிற மேட்டு வழியில் திரும்பினாள். பாறை என்றால் சுற்றுலா வருகிறவர்கள் நின்று கீழே சேலத்தைப் பார்க்கிற இடம். அதற்கு அந்தப்பக்கம் தரை கிடையாது.

பூக்காரம்மா பூக்கூடையிலிருந்து நிமிர்ந்து "தூரமாங்க?" என்றாள். "பக்கந்தானுங்க" என்றாள் அவள். பால்காரர் சைக்கிளை நிறுத்தி "தூரமாம்மா?" என்றார். அவருக்கும் அதே பதில். டீக்கடைக்காரரும் கேட்டார். யாரும் முறை தவறவில்லை.

நான் ஜன்னலில் இருந்து குழந்தையைப் பார்த்தேன். சிவப்பு ஸ்வெட்டர் போடாமல் அதை அவள் வாசல்படி தாண்ட விட்டதே கிடையாது. சளி பிடித்துக்கொள்ளும் என்று அவ்வளவு பயம். அன்றைக்கு அந்தப் பனியில் குழந்தை வெறும் கவுனோடு, காலில் செருப்புக்கூட இல்லாமல் நடந்தது. போகிற இடத்தில் குளிராது என்று முடிவு கட்டிவிட்டவள் போலக் கூட்டிப் போனாள். மெஷினில் துணியை அப்படியே போட்டுவிட்டு ஓடினேன்.

மேட்டுத் திருப்பத்தில் பிடித்தேன். "எங்க போற?"

"பக்கந்தானுங்க."

"தூரமான்னா கேட்டேன்? எங்க போறேன்னு கேட்டேன்."

குழந்தைதான் சொன்னது: "மேகத்துக்குள்ள போறோம் அத்தை."

குழந்தையைத் தூக்கி என் முந்தானைக்குள் சுற்றிக்கொண்டேன். அது ஐஸ் மாதிரி இருந்தது. அவளைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வீட்டுக்கு வந்து, கதவைத் தாழ் போட்டு, காப்பி கலந்து கொடுத்தேன். பாதி குடித்துவிட்டு, "ஒருத்தராச்சும் எங்கன்னு கேட்டா திரும்பிரலாம்னு நெனச்சேனுங்கக்கா. எல்லாரும் தூரமான்னே கேட்டாங்க" என்றாள். எனக்கு அழுகையும் ஆத்திரமும் ஒன்றாக வந்தன.

அதற்குள் வாசலில் கூட்டம் கூடிவிட்டது. அவள் மாமியார்க்காரி முன்னால் நின்றாள். "பொறப்பட்டுப் போறவள எங்கன்னு கேட்டு நடுவழியில மறிச்சிருக்கா. பொறப்படறவங்கள அப்படிக் கேக்கக் கூடாதுன்னு எத்தன வாட்டி சொல்றது? எங்க ஊட்டுக்காரரு காலு போனது பத்தலையா இவளுக்கு?"

"அவ சாகப் போனா" என்றேன் நான்.

அவ்வளவுதான். கூட்டம் முகத்தைச் சுளித்தது. "காலங்காத்தால அந்த வார்த்தையச் சொல்லாதீங்க" என்று பூக்காரம்மா காதைப் பொத்திக்கொண்டாள். அவள் செய்யப் போனதை வாயால் சொல்லக் கூடாது. அவன் செய்ததை வெளியில் பேசக் கூடாது. எங்கள் தெருவில் நியாயம் பேச மிச்சமிருந்தது என் குற்றம் ஒன்றுதான். அதை வெகுநேரம் பேசினார்கள். கடைசியில் மகன் வந்தான். என்னைப் பார்த்துக் கும்பிட்டான். "நொம்ப நன்றிங்கக்கா" என்றான். பிறகு அவள் பக்கம் திரும்பி, "வா கண்ணு, ஊட்டுக்குப் போலாம்" என்று மெதுவாகக் கூப்பிட்டான். அவள் எழுந்து போனாள். அவன் பிடித்திருந்த இடத்தில் அவள் கை வெளுத்திருந்ததை நான் பார்த்தேன். மற்றவர்களும் பார்த்தார்கள்.

மறுநாளிலிருந்து நான் ஒன்று செய்தேன். அவள் வாசல் தாண்டும்போதெல்லாம் ஜன்னலிலிருந்து தெருவே கேட்கும்படி "எங்க கண்ணு போற?" என்று கத்துவேன். "தண்ணிக்குங்கக்கா", "பாலுக்குங்கக்கா" என்று அவளும் பதில் சொல்வாள். ஒருத்தி கணக்காகப் பார்த்துக்கொண்டிருக்கிறாள் என்று அவனுக்குத் தெரியட்டும் என்பது என் எண்ணம். பாதிப் பேர் ஜாக்கெட் கொடுப்பதை நிறுத்திக்கொண்டார்கள். வீட்டுக்காரர் சோற்றைப் பிசைந்துகொண்டே, "ஊரப் பகைச்சுக்கிட்டு மலையில பொழைக்க முடியாது புள்ள" என்றார். நான் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

தை மாதத்தில் ஒருநாள் மகன் என் ஜன்னலுக்கு வந்தான். வேட்டியை இறக்கிவிட்டுக்கொண்டான். "அக்கா, எங்க ஊட்டுப் பொம்பளைய நீங்க தெனமும் எங்கன்னு கேக்கறீங்க. நான் தப்பாச் சொல்லலீங்க. நாளப்பின்ன அவளுக்கு ஏதாச்சும் ஒண்ணு ஆச்சுன்னா, தெருவுல உங்க வாயத்தானுங்க சொல்லுவாங்க. அதுக்குத்தான் சொல்றேன்" என்றான். சொல்லிவிட்டு, ஜன்னல் கம்பியில் இருந்த தூசியை விரலால் துடைத்துவிட்டுப் போனான்.

அவன் சொன்னது நிஜம். அவள் கிணற்றடியில் விழுந்து கிடந்தாலும், ஸ்டவ் பற்றிக்கொண்டாலும், அவனை யாரும் ஒரு கேள்வி கேட்கப் போவதில்லை. நான்தான் தினமும் கேட்டிருக்கிறேனே. அவளுக்குக் காவல் என்று நினைத்து நான் செய்ததை அவன் தனக்குப் பாதுகாப்பாக ஆக்கிக்கொண்டான். அதோடு நான் கத்துவதை நிறுத்தினேன். வாயடைத்துவிட்டார்கள் என்று தெருவுக்குச் சந்தோஷம்.

ஆனால் அவள் மட்டும் தைக்கத் துணி கொண்டுவர ஆரம்பித்தாள். ஒரு நாள் கிழிந்த பாவாடை, ஒரு நாள் குழந்தையின் கவுன். தைத்து முடித்ததை அவள் திருப்பிக் கேட்கவில்லை, நானும் கொடுக்கவில்லை. மாமியார் கேட்டால், இன்னும் ஆகவில்லை என்பேன். எல்லாம் என் பீரோவுக்கு அடியில் ஒரு பையில் சேர்ந்தன. இதைப் பற்றி நாங்கள் இருவரும் ஒரு வார்த்தை பேசியதில்லை.

சேர்வராயன் கோயில் திருவிழா வந்தது. அன்றைக்குக் கடைவீதியில் ஆள் இருக்க மாட்டார்கள். மண்டிக்காரர் குடும்பமும் விடிந்ததுமே ஜீப்பில் மலை உச்சிக்குப் போய்விட்டது. அவள் தீட்டு என்று சொல்லி வீட்டில் நின்றுவிட்டாள். தீட்டு என்றால் எங்கள் தெருவில் யாரும் மேலே கேட்க மாட்டார்கள். சேலத்திலிருந்து ஏறி வருகிற பஸ்ஸெல்லாம் படிக்கட்டில் ஆள் தொங்க வந்தன. இறங்குகிற பஸ் காலியாகப் போனது.

அவள் குழந்தையோடு என் ஜன்னலுக்கு வந்து நின்றாள். வெயில் சுள்ளென்று அடித்துக்கொண்டிருந்தது. குழந்தைக்குச் சிவப்பு ஸ்வெட்டர் போட்டிருந்தாள். கீழே சேலத்து வெயிலில் அது எதற்கு என்று நினைத்தேன். அப்புறம் புரிந்தது. இனிமேலும் ஒரு குளிர்காலம் வரும் என்று அவள் நினைத்திருக்கிறாள். எனக்குக் கண் நிறைந்துவிட்டது.

"தைக்கக் குடுத்தது ஆச்சுங்களாக்கா?"

பையை எடுத்துக் கொடுத்தேன். அவள் வாங்கிக்கொண்டு நகராமல் நின்றாள். நான் கேட்பேன் என்று காத்திருந்தாள். கேட்டிருந்தால் சொல்லியிருப்பாள். என் நாக்கின் நுனி வரைக்கும் வந்தது, அதை அப்படியே விழுங்கினேன். எங்கள் பக்கம் யாரையும் போ என்று சொல்லி அனுப்ப மாட்டோம், போயிட்டு வா என்றுதான் சொல்வோம். நான் அவள் கன்னத்தைத் தொட்டு, "போ கண்ணு. திரும்பி வந்துராத" என்றேன்.

இருட்டுவதற்கு முன்பே திருவிழாவுக்குப் போனவர்கள் திரும்பிவிட்டார்கள். எதிர்வீட்டில் ஒவ்வொரு கதவாகத் திறந்து மூடுகிற சத்தம் கேட்டது. பிறகு அவன் தெருவைக் கடந்து வந்தான். நெற்றி நிறையத் திருநீறு. வேட்டி மடித்துக் கட்டியபடியே இருந்தது. டீக்கடையில் எல்லோரும் நின்றார்கள். என் வீட்டுக்காரர் லாரியோடு கீழே போயிருந்தார்.

"எங்க போனா?"

"தெரியாதுங்க."

"உன் ஜன்னலத் தாண்டித்தான போயிருக்கா. நீ கேக்காம உட்டிருப்பியா?"

"கேக்கலீங்க" என்றேன். "பொறப்படறவங்கள எங்கன்னு கேக்கக் கூடாதுன்னு உங்கம்மாதான சொன்னாங்க."

அவன் என் வாசல்படியில் கால் வைத்தான். டீக்கடைக்காரர் கையை நீட்டி ரேடியோவைச் சத்தமாக வைத்தார்.