மைக்கில் மட்டும் பேசியவன்

எழுபதுகளின் தொடக்கத்தில், ஈப்போ பக்கத்து மலையில் இருந்த எங்கள் தேயிலைத் தோட்டத்தில் பந்தாட்டத்துக்கென்று ஓர் ஒலிபெருக்கி வந்தது. "ரேடியோவே கதின்னு கிடக்கிறவன்தானே நீ, சும்மா பேசு லா" என்று தோட்டத்துக் கணக்கு எழுதும் கிராணி என் கையில் மைக்கைக் கொடுத்தார். ஃபேக்டரியில் இலை வாட்டும் மாடியில் எனக்கு வேலை. நாள் முழுக்கக் காற்றாடிச் சத்தம், யாரோடும் பேச வேண்டியதில்லை. இயல்பிலேயே எனக்குப் பேச்சு வராது. அன்று ஆட்டம் முடியும்வரை நிறுத்தாமல் பேசினேன். பிறகு ஞாயிறுதோறும் அதுவே என் வேலையாயிற்று.

என் வீட்டுக்காரி திடலுக்கு வந்ததே இல்லை. தொழிலாளர் வீட்டு வரிசையான லயத்தில், எங்கள் வாசலில் துணி மடித்துக்கொண்டே ஒலிபெருக்கியைக் கேட்பாள். நான் வந்ததும், "ரெண்டாவது கோல் யார் அடிச்சான்னு சொல்லவே இல்லையே?" என்பாள். பெயரை மட்டும் சொல்வேன். ஒருமுறை கேட்டாள்: "ஊருக்கே பேசறீங்க. வீட்டுல நாலு வார்த்தை பேசுனா என்ன?" சிரித்துவிட்டு எழுந்து போனேன்.

எண்பதுகளில் அவளுக்கு நெஞ்சுச் சளி விடாமல் பிடித்தது. குளிர் ஆகாது என்று டாக்டர் சொன்னதால் ஈப்போவில் மகள் வீட்டுக்குக் கிளம்பினாள். பஸ் ஏறும்போது, "நீங்களும் வாங்களேன்" என்றாள்.

"இந்தப் போட்டியெல்லாம் முடியட்டும்" என்றேன். முடிவதற்குள் அவள் இறந்துபோனாள்.

காரியம் முடிந்து திரும்பிய ஞாயிறே மைக்கைப் பிடித்தேன். பேச்சு பழையபடி வந்தது. அதைத்தான் தாங்க முடியவில்லை.

ஆட்களும் குறைந்துபோனார்கள். பிள்ளைகள் சிங்கப்பூருக்கு வேலைக்குப் போக, திடலைச் சுற்றி ஏழெட்டுப் பேர் நின்றால் அதிகம். ஒரு ஞாயிறு பக்கத்து ஊரான கம்போங் ராஜா ஆட்களோடு ஆட்டம். இரண்டாம் பாதியில் பனி இறங்கியது. நடுக்கோட்டருகே நின்ற எனக்குப் பந்து நிழலாகத் தெரிந்தது, கோல் கம்பங்கள் தெரியவில்லை. பார்க்க வந்தவர்கள் எழுந்து போய்விட்டார்கள். யாருக்காகப் பேசுகிறோம் என்று தோன்றியது. மைக்கை அணைத்தேன்.

கொஞ்ச நேரத்தில் பந்து கீழே தேயிலைக்குள் உருண்டுபோனது. அதைத் தேடிய நேரத்தில் எங்கள் கோல்கீப்பர் என்னிடம் ஓடிவந்தான். தோட்டத்தில் லோரி ஓட்டுபவன்.

"ஏண்ணே நிறுத்திட்டீங்க? உங்க குரல வெச்சுதான் பந்து எந்தப் பக்கம் வருதுன்னு நிக்கிறேன்."

"எத்தனை நாளா?"

"பனி விழுற நாளெல்லாம்ணே. சீக்கிரம் போடுங்க."

போட்டேன். இடப்பக்கம் வருகிறது, உயர்த்தி அடிக்கிறான் என்று அவன் ஒருவனுக்காகவே பேசினேன். ஒரு கோலில் தோற்றோம். அணி கலையும்வரை அப்படித்தான் பேசினேன்.

அன்று ஆட்டம் முடிந்ததும் அவன் என்னை லோரியில் ஏற்றிக்கொண்டான். வழியெல்லாம் நான்தான் பேசினேன், என் வீட்டுக்காரியைப் பற்றி. லயம் வந்த பிறகும் முடியவில்லை. அவன் இன்ஜினை அணைத்துவிட்டுக் கேட்டுக்கொண்டிருந்தான்.