மேர்வின் எறிந்த ஏழு ஆட்டங்கள்

மன்னாரில் பிறந்து, ஆறு வயதில் தாயோடு லண்டன் வந்து, மோர்டனில் வளர்ந்தவன் மேர்வின். வீடுகளுக்கு வயரிங் செய்வது தொழில். ஞாயிறு காலை பூசை, மத்தியானம் தமிழ் ஆக்களின் கிரிக்கெட். அவனைப்போல வேகமாகப் பந்து போட அந்த லீக்கில் ஆளில்லை. குறை ஒன்றுதான்: போடும்போது முழங்கை மடங்கும். கிரிக்கெட்டில் அது பிழை.

அவனுடைய இருபத்துமூன்றாவது வயதில், அம்பயராக நின்ற ஸ்ரீஸ்கந்தராஜா ஒரே ஓவரில் நான்கு தரம் நோபோல் கொடுத்துவிட்டு அவனைக் கூப்பிட்டார்.

"தம்பி, இது கிரிக்கெட். எறியிறதெண்டால் போய் பேஸ்போல் விளையாடும்."

எல்லாரும் சிரித்தார்கள். மேர்வினின் முகம் கறுத்துப்போனது. ஆனாலும் வீட்டுக்கு வரும் பஸ்ஸில் போனை எடுத்து, லண்டனில் பேஸ்போல் எங்கே விளையாடுகிறார்கள் என்று தேடினான். அவர் நக்கலுக்குச் சொன்னதை அவன் விலாசமாக எடுத்துக்கொண்டான்.

அடுத்த ஞாயிறே ஒரு கழகத்தின் பயிற்சிக்குப் போனான். பந்தெறிபவனை அங்கே பிச்சர் என்றார்கள். கை எப்படி மடங்கினாலும் கேட்பாரில்லை. அவனுடைய முதல் பந்தைப் பிடித்தவன் கையுறையைக் கழற்றி உள்ளங்கையை ஊதினான். இரண்டு கோடை போனது. யாரோ அனுப்பிய வீடியோவைப் பார்த்து, அமெரிக்காவில் ஒரு சின்ன நகரத்து அணி அவனைச் சம்பளத்துக்கு எடுத்தது.

தாய் இம்மாகுலேற்றுக்கு நம்பிக்கை வரவில்லை.

"எறியிறதுக்கோ சம்பளம்?"

"ஓம் அம்மா."

"வெயிலுக்குள்ள ஓடவும் வேணுமோ?"

"பெரிசா இல்லை."

"அப்ப போயிட்டு வா."

மூன்றாவது ஆட்டத்தில் அவன் தொடர்ந்து மூன்று பேரைப் பந்தைத் தொடவிடாமலே வெளியேற்றினான். சில நூறு பேர்தான் பார்க்க வந்திருந்தார்கள். அத்தனை பேரும் எழுந்து நின்றார்கள். சந்தோசத்தில் எங்கே போய் உட்காருவது என்று தெரியாமல் எதிரணியின் வாங்குக்கே ஓடிவிட்டான்.

அதற்குப் பிறகு அடிக்கிறவர்களுக்கு அவனுடைய எறி பிடிபட்டுவிட்டது. வேகம் இருந்தது, வளைவு இல்லை. ஏழாவது ஆட்டத்தில் மூன்று பந்துகள் வேலிக்கு மேலால் போயின. ஒன்று கார் தரிப்பிடத்தில் விழுந்தது. மறுநாள் மனேஜர் கைகுலுக்கி விடைகொடுத்தார்.

"அம்மா, நாளைக்கு வாறன்."

"லீவோ?"

"இல்லை. நிப்பாட்டிப்போட்டாங்கள்."

"ஏன், உனக்கு எறியத் தெரியாதாமோ?"

"எறியத் தெரியும். அவங்களுக்கு என்னைவிட நல்லா அடிக்கத் தெரியும்."

"சரி. நண்டு வாங்கி வைக்கிறன்."

விமானத்தில் அழுதான். சாப்பாடு வந்ததும் நிறுத்திவிட்டான்.

இப்போது மேர்வினுக்கு முப்பத்தொரு வயது. சொந்தமாக வான் வைத்து வயரிங் செய்கிறான். மனைவி றூபினிக்கு பேஸ்போலும் தெரியாது, கிரிக்கெட்டும் தெரியாது. போன கோடையில் கோயில் கார்னிவலில், அடுக்கிய தகரப் பேணிகளைப் பந்தால் விழுத்தும் கடைக்கு அவள்தான் அவனை இழுத்துப் போனாள். முதல் எறியிலேயே பேணிகளோடு பின்பலகையும் உடைந்தது. இந்த வருடம் பாதர் அந்தக் கடையை நடத்தும் பொறுப்பை அவனிடமே கொடுத்துவிட்டார். நடத்துகிறவர் எறியக்கூடாது என்பது சட்டம்.