மார்வாவுக்குக் கேட்கும்

ஜன்னலோர மேசையில் எல்லோருக்கும் முதுகைக் காட்டி உட்கார்ந்து, சர்க்கரை போடாத காபியைக் கலக்கிக்கொண்டே இருப்பார் மார்வா லிண்ட்க்விஸ்ட். பின்மேசையில் பேச்சு சூடு பிடித்தால் கரண்டி நின்றுவிடும். டுலூத் நகரத் துறைமுகத் தெரு உணவகத்தில் இது எல்லோருக்கும் தெரியும். "மெதுவாப் பேசுங்கப்பா, கரண்டி நின்னுடுச்சு" என்பாள், பரிமாறுகிற ஐனெஸ்.

மார்வா பள்ளிப் பேருந்து ஓட்டுகிறார். கோடை விடுமுறையில் படம் எடுக்கிறார். எழுதுவது, இயக்குவது, வெட்டி ஒட்டுவது எல்லாம் அவரே. நடிப்பவர்கள் ஊர்க்காரர்கள், மைக் கட்டிய கோலைப் பிடிப்பவன் நான். முழுக்கதை எங்கள் யார் கண்ணிலும் படாது. அன்றன்றைய பக்கம் காலையில் கைக்கு வரும். மாலையில் திரும்பப் போய்விடும். மார்வா தன் முதல் கதையை ஒரு தோழியிடம் நம்பிக் காட்ட, அவள் அதைத் தன் பெயரில் படமாக்கிவிட்டாளாம். "நான் சூடு கண்ட பூனைப்பா" என்பார். அந்தத் தோழியைக் கேட்டால், அது முதலில் தன் குடும்பத்துக் கதை என்கிறாள்.

இவர் படத்துக்குப் போகிறவர்கள் திரையைவிடப் பக்கத்து இருக்கையைத்தான் அதிகம் பார்ப்பார்கள். போன படத்துக் கஞ்சன் தும்மிய விதத்தைப் பார்த்து, அது தன் தும்மல்தான் என்று மார்வாவின் சொந்த அண்ணனே அவரோடு பேச்சை நிறுத்திக்கொண்டார்.

இந்தக் கோடையில் கணவனாக நடித்தவன் ஹார்டுவேர் கடை க்ளென் ஓபெர்க். போன வருடம்தான் அவன் மனைவி விட்டுப் போயிருந்தாள். படத்தில் மனைவி ஐனெஸ். அவள் பெட்டியோடு வாசலில் நிற்க, கணவன் சொல்ல வேண்டியது ஒரே வரி: 'மழை வரும், குடை எடுத்துக்கோ.'

பக்கத்தைப் படித்த க்ளென் நிமிர்ந்தான். "இது நான் சொன்னது. உனக்கு யார் சொன்னா?"

"எல்லாப் புருஷனும் சொல்றதுதானே, க்ளென்."

"எவனும் சொல்லமாட்டான்."

அவன் ஐனெஸைப் பார்த்தான். அவள் பெட்டியின் கைப்பிடியைப் பார்த்தாள். என்னையும் பார்த்தான், நான் இல்லை என்று தலையாட்டினேன். நம்பியதாகத் தெரியவில்லை.

கேமரா ஓடியது. க்ளென் குடையைப் பற்றிப் பேசவில்லை. "போகாதேன்னு ஒரு வார்த்த சொல்லியிருக்கலாம். வாய் வரல" என்றான். அப்படியே சுவரில் சாய்ந்து அழத் தொடங்கினான்.

மார்வா ஓடிப்போய் அவனை அணைத்துக்கொண்டார். "போதும்ப்பா, போதும்" என்று அவன் காதோரம் சொன்னது என் மைக்கில் தெளிவாக விழுந்தது. அவன் முதுகுக்குப் பின்னால் அவருடைய ஆள்காட்டி விரல், நிறுத்தாதே என்று கேமராக்காரனுக்குச் சுழன்றுகொண்டே இருந்தது.