பிளம்பர் வீட்டுக் கனெலோன்

"எத்தனை?"

டிசம்பர் பாதி தாண்டிவிட்டால் நர்சிஸ் போன் செய்கிற விதம் இதுதான். எப்படி இருக்கிறாய், குளிர் எப்படி என்ற விசாரிப்பெல்லாம் கிடையாது. எடுத்த எடுப்பில் எண்ணிக்கை. மறுமுனையில் இருப்பவர்களும் திகைப்பதில்லை. விக் நகரத்தில் கிறிஸ்துமஸுக்கு மறுநாள், ஸ்தேவான் திருநாளன்று, மதியச் சாப்பாட்டில் கனெலோன், அதாவது பாஸ்தா ஏட்டில் கறியைச் சுருட்டி ஓவனில் வைத்த பண்டம், இல்லாத வீடு இல்லை. தலைக்கு எத்தனை என்று முன்கூட்டியே கேட்டு வைக்காத வீடும் இல்லை. நர்சிஸின் மச்சான் மெதீர் ஆறு என்பார். மெதீரின் இரட்டைப் பிள்ளைகள், சாசேஜ் கம்பெனியில் வேலை பார்க்கும் வாட்டசாட்டமான ஆட்கள், "எனக்கு ஒம்பது", "அவன விட எனக்கு ஒண்ணு கூட" என்று போனைப் பிடுங்கிப் பிடுங்கிக் கத்துவார்கள். மெதீரின் மனைவி ஃபினா மட்டும், "எனக்கு மூணு போதும்பா, டாக்டர் கொழுப்பக் கொறைக்கச் சொல்லியிருக்காரு" என்பாள். நர்சிஸ் ஐந்து என்று குறித்துக்கொள்வார். அவள் ஆறு சாப்பிடுவாள்.

நர்சிஸுக்கு வயது அறுபத்தொன்று. குள்ளமான மனிதர், கழுத்து இருக்கிறதா என்று சந்தேகப்பட வைக்கும் தோள்கள். தொழில், பிளம்பர். ஊரில் பாதிப் பேர் வீட்டுப் பாத்திரத் தொட்டிக்கு அடியில் அவர் மல்லாந்து படுத்திருக்கிறார். எந்த வீட்டுக்குப் போனாலும் வாசலிலேயே பூட்ஸைக் கழற்றி, பையிலிருந்து கம்பளிக் காலுறையை எடுத்து மாட்டிக்கொண்டுதான் உள்ளே வருவார். குழாயைத் தொடுவதற்கு முன் அதில் காதை வைத்துக் கேட்பார். பிறகு அதோடு பேச ஆரம்பிப்பார். "என்னம்மா கோவம் உனக்கு? எந்தப் பாவி உன்ன இந்த முறுக்கு முறுக்குனான்?" வீட்டுக்காரர்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பார்கள். வேலை முடிந்ததும் குழாய்க்குக் கீழே ஒரு காகிதத் துண்டை விரித்து, பத்து நிமிஷம் பேசாமல் உட்கார்ந்திருந்து, ஒரு சொட்டு ஈரம்கூட இல்லை என்று எடுத்துக் காட்டிய பிறகுதான் கிளம்புவார். அந்தப் பத்து நிமிஷத்தில் காப்பி கொடுத்தாலும் தொடமாட்டார்.

இதே மனிதர் சமையலறையில் நிற்பதைப் பார்க்க வேண்டும். கிறிஸ்துமஸ் அன்று மாலையே கறி அடுப்பேறிவிடும். பன்றித் தோள், மாட்டுக்கறி, கோழித் தொடை, ஆறேழு வெங்காயம், இரண்டு தக்காளி, ஒரு கைப்பிடி கோழி ஈரல். பிராந்தி பாட்டிலைத் திறந்தால், "சட்டிக்கு ஒரு கரண்டி, சமைக்கிறவனுக்கு ஒரு கரண்டி." கறி எலும்பை விட்டுத் தானாகக் கழன்று வரும்வரை மூடி திறப்பதில்லை. மறுநாள் காலை மேசை விளிம்பில் கைமா மெஷினைத் திருகிப் பொருத்தி, கைப்பிடியைச் சுற்றி அரைப்பார். இரட்டையர் வாங்கிக் கொடுத்த கரண்டு மெஷின் ஒன்று பெட்டி பிரிக்காமல் அலமாரி மேல் இருக்கிறது. "அது கறிய ரெண்டாந்தடவ சாகடிக்குது" என்பது அவர் தீர்ப்பு. அரைத்த கறியில் ஆட்டுப்பால் சீஸை ஒரு கைப்பிடி துருவிப் போட்டுப் பிசைவார். ஊரில் வேறு யாரும் இப்படிச் செய்வதில்லை. ஏன் என்று கேட்டால், "நான் செய்றேன்" என்பதுதான் பதில்.

பாஸ்தா ஏடுகள் சதுரம் சதுரமாக வெந்து வந்ததும், மேசை போதாமல் துணி மடிக்கும் பலகை, கட்டில் என்று கண்ட இடமெல்லாம் வெள்ளைத் துணி விரித்துப் பரத்துவார். அன்று அந்த வீட்டில் உட்கார இடம் கிடையாது. ஒவ்வொரு ஏட்டிலும் கறியை நீளவாக்கில் வைத்து, இரண்டு கட்டைவிரலால் ஒரே தள்ளு. நாற்பதும் ஒரே கனம், நாற்பதிலும் இணைப்பு அடிப்பக்கம். "ஒழுகக் கூடாது, அவ்வளவுதான். குழாயோ கனெலோனோ, ஒழுகுச்சுன்னா நான் என்னத்துக்கு பிளம்பர்?" மாவை வெண்ணெயில் வறுத்துப் பால் ஊற்றி வெள்ளைக் குழம்பு கிண்டும்போது மட்டும் அவரிடம் யாரும் பேசக் கூடாது, வீடு தீப்பிடித்தாலும் குழம்பு இறங்கிய பிறகுதான் சொல்ல வேண்டும். ஏப்ரனின் கயிறு அறுந்து நாலு வருஷம் ஆகிறது. குழாய் மரையில் சுற்றுகிற வெள்ளை டேப்பை முறுக்கி அதற்குப் பதிலாகக் கட்டியிருக்கிறார். நன்றாகத்தான் நிற்கிறது.

இத்தனை கைப்பக்குவமும் எங்கிருந்து வந்தது என்றால், அவமானத்திலிருந்து. அவர் மனைவி ரோசே வக்கீல் ஆபீசில் எழுத்தராக இருந்தாள். எந்தக் காகிதத்தையும் கண்ணை மூடிக்கொண்டு எடுத்துத் தருவாள். வெந்நீர் வைக்கச் சொன்னால் பாத்திரத்தைக் கருக்கிவிடுவாள். கல்யாணமான முதல் வருஷம் ஸ்தேவான் திருநாள் விருந்துக்குக் கடையில் உறையவைத்த கனெலோனை வாங்கி, தட்டில் அடுக்கி, தான் செய்தது போல முகத்தை வைத்துக்கொண்டு பரிமாறினாள். அவள் தம்பி மெதீர் ஒன்றை எடுத்தான், இன்னொன்றின் பக்கத்தில் வைத்தான். "அக்கா, ரெண்டும் மில்லிமீட்டர் பிசகாம ஒரே நீளமா இருக்கே. எந்த ஃபாக்டரி?" மேசையே அதிர்ந்தது. ரோசே அழவில்லை, ஆனால் மூன்று நாள் யாரோடும் பேசவில்லை. அடுத்த வருஷம் நர்சிஸ் கைமா மெஷின் வாங்கினார். அந்தத் தடவை செய்தவை ஓவனிலேயே வாய் பிளந்து கறியைக் கக்கின. அதற்கடுத்த வருஷத்திலிருந்து இன்றுவரை ஒன்றுகூடப் பிளந்ததில்லை.

ரோசே இறந்து மூன்று வருஷமாகிறது. குழந்தைகள் இல்லை. கிறிஸ்துமஸ் மெதீர் வீட்டில், மறுநாள் நர்சிஸ் வீட்டில் என்ற வழக்கம் மட்டும் அறுபடாமல் இருந்தது. இந்த டிசம்பரில் வழக்கம்போல் போன் போட்டு, "எத்தனை?" என்றார். மெதீர் இருமினார்.

"மச்சான், இந்த வருஷம் வேற மாதிரி யோசிச்சிருக்கோம். ரோட்டு மேல ஒரு ரெஸ்டாரன்ட் இருக்குல்ல, அங்க ஃபினா மேசை சொல்லி வச்சிட்டா. அஞ்சு பேருக்கு. உன்னையும் சேத்துத்தான். நீ சும்மா வந்து உக்காந்தா போதும்."

"நல்லதாப் போச்சு" என்றார் நர்சிஸ். போனை வைத்தார்.  அக்காள் போன பிறகு அக்காள் புருஷன் யார்? முதலில் ஸ்தேவான் திருநாள் போகும். பிறகு கிறிஸ்துமஸ் போகும். பிறகு ஈஸ்டருக்கு ஒரு போன், அதுவும் அரை நிமிஷம். அவர்கள் நல்லவர்கள், ஒரே வெட்டாக வெட்டமாட்டார்கள் என்று நினைத்துக்கொண்டார். அந்த நினைப்பு அவருக்கு இன்னும் வலித்தது.

கிறிஸ்துமஸ் அன்று அவருடைய பயம் உறுதியானது. அன்றைக்குப் பெரிய பானையில் கறியும் எலும்பும் காய்கறியும் போட்டு சூப் வைப்பது இந்த ஊர் வழக்கம். பானையில் மிஞ்சுகிற வெந்த கறியும் மறுநாள் கனெலோனுக்குள் போக வேண்டும். அதற்காகவே கூடுதலாகப் போடுவார்கள். ஒவ்வொரு வருஷமும் நர்சிஸ் கிளம்பும்போது ஃபினா வாசல்வரை வந்து, துணியில் கட்டிய சட்டியை அவர் கையில் வைப்பாள். இந்தத் தடவை வெறுங்கையோடு வந்து இரண்டு கன்னத்திலும் முத்தம் கொடுத்தாள். "நாளைக்கு ஒண்ணரைக்கு, மறந்துடாத" என்றாள். நர்சிஸ் பனிமூட்டத்துக்குள் இறங்கி நடந்தார். கை இரண்டையும் எங்கே வைப்பது என்று அவருக்குத் தெரியவில்லை.

வீட்டுக்கு வந்ததும் என்ன செய்தார் என்கிறீர்கள்? கறியை அடுப்பில் ஏற்றினார். கறிக்கடையில் நவம்பரிலேயே சொல்லிவைத்தது, வேண்டாம் என்று சொல்ல நா எழவில்லை. மறுநாள் காலை கைமா மெஷின் சத்தம் கேட்டு எதிர்வீட்டு அசும்தா எட்டிப் பார்த்தாள். கட்டில் முழுக்கப் பாஸ்தா ஏடு.

"இன்னிக்கு வெளிய சாப்பாடுன்னு சொன்னே?"

"ஃப்ரீசர்ல வைக்கத்தான் செய்றேன்."

"உன் ஃப்ரீசர்ல ஒரு பை பட்டாணி வச்சாலே கதவு மூடாது. யார ஏமாத்துற?"

"உனக்கு அடுப்புல வேல இல்லியா அசும்தா?"

அவளுக்கு வேலை இருந்தது, போனாள். நர்சிஸ் நாற்பதையும் உருட்டி, இரண்டு தட்டில் அடுக்கி, வெள்ளைக் குழம்பு ஊற்றி, சீஸ் தூவி, ஃப்ரிட்ஜுக்குள் வைத்துக் கதவை மூடினார். குளித்தார். கோட்டு போட்டுக்கொண்டார். ஒன்றரைக்கு ரெஸ்டாரன்டில் இருந்தார்.

அங்கே ஆளுக்கு நாலு கனெலோன் வந்தது. நர்சிஸ் நாலையும் மிச்சம் வைக்காமல் சாப்பிட்டு, "நல்லா இருக்கு" என்றார். அவர் அப்படிச் சொல்லி யாரும் கேட்டதில்லை. இரட்டையர் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். மெதீர் தட்டில் கிடந்ததை முள்கரண்டியால் புரட்டினார். உள்ளே கறி களிம்பு மாதிரி இருந்தது. ஃபினா யார் முகத்தையும் பார்க்காமல் சாப்பிட்டாள். இனிப்பு வந்து முடிந்ததும், மணி மூன்றேகால்தான் இருக்கும், பரிமாறுகிற பெண் வந்து ரொம்ப மரியாதையாக, அடுத்த பந்திக்கு மேசை வேண்டும் என்றாள்.

மெதீருக்கு ரத்தம் தலைக்கேறிவிட்டது. சாப்பாடு எப்படி இருந்தாலும் பொறுத்துக்கொள்வார். பண்டிகை நாளில் சாப்பிட்ட மேசையை விட்டு ஐந்து மணிக்கு முன்னால் எழுப்பினால் எந்த விக் ஊர்க்காரனும் பொறுக்கமாட்டான். "காப்பி இன்னும் குடிக்கல! இதென்ன பஸ் ஸ்டாண்டா?" என்று வாசல்வரை கத்திக்கொண்டே வந்தார். காரில் ஏறியதும், "மச்சான் வீடுதான் பக்கம். காப்பி அங்க" என்று வண்டியைத் திருப்பினார்.

"எங்க வீட்லயா? வீடு குப்பையாக் கெடக்கு" என்றார் நர்சிஸ்.

"உன் வீடா? உன் டூல் பாக்ஸே எங்க வீட்ட விட சுத்தமா இருக்கும். சும்மா வா."

வீட்டுக்கு வந்ததும் நர்சிஸ் யாரையும் சமையலறைக்குள் விடவில்லை. தானே காப்பி போட்டார், தானே எடுத்து வந்தார், "எல்லாருக்கும் கறுப்புதான், பால் இல்ல" என்றார். பொய் சொல்லிப் பழக்கமில்லாத மனிதர், காது சிவந்துவிட்டது.

"உன் வீட்ல பால் இல்லாம இருக்குமா?" என்று ஃபினா எழுந்தாள். அவர் ட்ரேயைக் கீழே வைத்துவிட்டுத் திரும்புவதற்குள் ஃப்ரிட்ஜைத் திறந்துவிட்டாள்.

உள்ளே இரண்டு தட்டு நிறையக் கனெலோன். ஃபினா கேட்டாள், "யாருக்கு இதெல்லாம்?"

"யாருக்கும் இல்ல. கறி வாங்கிட்டேன், வீணாப் போகக் கூடாதுன்னு..."

"நர்சிஸ்."

அவர் தரையைப் பார்த்தபடி சொன்னார். "ரோசே போய்ட்டா. இனிமே நீங்க இங்க வரணும்னு கட்டாயம் ஒண்ணும் இல்ல, ஃபினா. எனக்குப் புரியுது. கோவமெல்லாம் இல்ல. ஆனா காலைல கை சும்மா இருக்க மாட்டேங்குது."

ஃபினாவுக்குக் கண் நிறைந்துவிட்டது. கூடவே கோபமும் வந்தது. "அடப்பாவி! போன வருஷம் தட்ட எடுக்கும்போது நீ முதுகப் பிடிச்சுக்கிட்டு நின்னத நான் பாத்தேன். ஒத்த ஆளா எங்க நாலு பேர் வயித்துக்காக சாகுறானேன்னு பாவப்பட்டு அந்த எழவெடுத்த மேசைய சொல்லி வச்சேன். நீ என்னடான்னா மனசுக்குள்ள எங்கள ஊர விட்டே அனுப்பிட்ட!"

கதவருகே மெதீர் வந்து நின்றிருந்தார். "அவன்கிட்ட நேரா கேளுன்னு சொன்னேன். கேட்டா மனசு கஷ்டப்படுவான்னு சொன்னது இவதான்."

"நீ மட்டும் கேட்டுட்டியா?" என்று அவர்மேல் பாய்ந்தாள் ஃபினா.

இரட்டையரில் ஒருவன் அவர்கள் தோளுக்கு மேலாக ஃப்ரிட்ஜுக்குள் எட்டிப் பார்த்து, "அங்க நாலுதான் குடுத்தானுங்க மாமா" என்றான், யாரோ திருடிவிட்டதைப் புகார் செய்கிற குரலில்.

ஃபினா மூக்கை உறிஞ்சிக்கொண்டு மோதிரங்களைக் கழற்றி ஜன்னல் விளிம்பில் வைத்தாள். ஓவன் குமிழைத் திருகினாள், முதல் தட்டை வெளியே இழுத்தாள்.

"தள்ளு" என்றார் நர்சிஸ். முழங்கையால் அவளை இடித்து ஒதுக்கிவிட்டு, கோட்டைக்கூடக் கழற்றாமல் மண்டியிட்டு, சூடு ஏறிவிட்டதா என்று பார்க்க ஓவனுக்குள் கையை நீட்டினார்.