நட்சத்திரத்தின் நிழல்

கேமரன் மலையில் சோலார் பேனல் மாட்டுவது என் தொழில். மானிட குலத்தைப் பீடித்துள்ள ஒரு பெரும்பிழையை முதலில் களைந்துவிடுகிறேன்: பேனலுக்கு வேண்டியது வெயிலின் சூடு அன்று, ஒளி. குளிர் அதற்கு நல்லது, நிழல்தான் எமன். கூரையேறிப் பிழைக்கும் சக ஜீவன்களே, இதைச் சொல்லிச் சொல்லி உங்கள் தொண்டையும் வறண்டிருக்கும்.

வீட்டுக்குள் எதிர்க்கட்சி

கம்போங் ராஜாவில் எஸ்தர் அக்கா கேக் சுட்டு விற்பவர். மின் அடுப்பு பகலெல்லாம் ஓடுவதால் பேனல் மாட்ட அழைத்தார். அவர் கணவர் சாமுவேல் அண்ணன், தேயிலைத் தோட்டத்தில் லோரி ஓட்டி ஓய்வுபெற்றவர். கிறிஸ்துமஸுக்குள் சரிப்படாவிட்டால் எல்லாவற்றையும் கழற்றிவிடுவதாக மனைவியிடம் நிபந்தனை போட்டிருந்தார். ஸ்வெட்டருக்கு மேல் ஸ்வெட்டர் அணிந்து ஏணியடியில் நின்றவர், ஒளி வேறு சூடு வேறு என்ற என் விளக்கத்தை முழுதாகக் கேட்டுவிட்டுச் சொன்னார்: "கூரையேறிக் கோழி புடிக்கத் தெரியாது, சூரியனப் புடிக்க வந்துட்டாரு லா!"

நண்பகல் சரிவு

நவம்பர் வரை புகார் இல்லை. டிசம்பர் பிறந்ததும் அக்கா போன் செய்தார். வானம் தெளிவாக இருந்தும் நண்பகலில் மின்சாரம் படுத்துவிடுகிறதாம். அண்ணன் ஸ்பேனரைத் தேடுகிறாராம்.

ஏறிப் பார்த்தேன். கூரையின் தென் ஓரத்தில் மூங்கில் கம்பம், உச்சியில் ஆளுயரக் கிறிஸ்துமஸ் நட்சத்திரம். டிசம்பரில் சூரியன் தெற்கே சாய்ந்திருக்கும். நிழல் நேரே பேனல்மேல் படுத்திருந்தது. பேனல்கள் ஒரே சரமாகக் கோத்தவை. ஒன்று சுணங்கினால் மற்றவற்றின் உழைப்பும் கெடும். நட்சத்திரத்தைக் கட்டியவர் அண்ணன்தான். சாலையிலிருந்து பளிச்சென்று தெரிய ஆண்டுதோறும் அங்கேதான் கட்டுவாராம். நிழலைக் காட்டினேன். தொப்பியைக் கழற்றிவிட்டுக் கேட்டார்: "ஏசப்பா நட்சத்திரத்தையா குத்தம் சொல்றீங்க, தம்பி?"

வடக்கு மூலை

இறக்கச் சொல்ல எனக்குத் துணிவில்லை. வேதத்திலேயே அந்த நட்சத்திரம் ஓரிடத்தில் நிற்காமல், ஏசு பாலனைத் தேடிப் போன ஞானிகளுக்கு முன்னே நகர்ந்துதானே போனது என்று மட்டும் பணிவோடு நினைவூட்டினேன். அண்ணன் வானத்தைப் பார்த்தார். அக்கா மாவுக் கையோடு வெளியே வந்தார்: "அது பெத்லகேம் வரைக்கும் போச்சு. இது வடக்கு மூலைக்குப் போவாதா? ஏறுங்க!"

அண்ணன் ஏறி நட்சத்திரத்தை வடக்கு மூலையில் மாற்றிக் கட்டினார். அன்றே மின்சாரம் பழைய அளவுக்கு ஏறியது. அண்ணன் ஸ்பேனரைப் பெட்டியில் போட்டார்.

வடக்கு மூலை பக்கத்து வீட்டு வாசலை ஒட்டியது. அந்த வாரம் பக்கத்து ஊரான பிரிஞ்சாங்கிலிருந்து கேரல் பாட வந்த இளைஞர்கள், நட்சத்திரம் தொங்கிய பக்கமாக நடந்து, கோஸ் பயிரிடும் முனியாண்டியின் வீட்டுப் படியில் நின்று எல்லாப் பாட்டையும் பாடி முடித்து, அவர் கொடுத்த தேநீரையும் குடித்தார்கள்.