நிரம்பிக் கிடந்த தொட்டி

அமீரகத்தின் புஜைராவில் தம்பியின் ஃப்ளாட்டுக்குள் நுழைந்ததுமே அந்த நாற்றம் மூக்கில் ஏறியது. பாசித் தண்ணீரும் பூசணம் பிடித்த குபூஸ் ரொட்டியும் கலந்த, குவைத்தின் மங்காஃபில் நாங்கள் வளர்ந்த, இப்போது இடித்துத் தள்ளிவிட்ட வீட்டின் அதே நாற்றம்.

ஈராக் படை குவைத்துக்குள் புகுந்த மாதங்களில் ரொட்டிக்கும் தண்ணீருக்கும் வரிசையில் நின்ற அம்மா, சண்டை ஓய்ந்து பத்துப் பன்னிரண்டு வருடங்களுக்குப் பிறகும் குளியல் தொட்டியை நிரப்பியே வைத்திருந்தாள். வழவழவென்று பாசி படர்ந்த அந்தத் தொட்டியில் முழங்கை பட்டுவிடாமல், பக்கத்தில் வாளி வைத்து ஒடுங்கிக் குளிப்போம். கட்டிலடியில் குபூஸ் கட்டுகள் பச்சை பூத்துக் கிடக்கும். தூக்கிப் போடப் போனால், "அங்கயே வை மக்கா. கடைய அடச்சிட்டான்னா இதுவும் கெடைக்காது" என்பாள். நாங்கள் இருந்த அடுக்குமாடிக் கட்டடத்தில் மாடிக்கு மாடி இதே கூத்துதான். எந்த வீட்டுக்கு விருந்துக்குப் போனாலும், கை கழுவப் போன இடத்தில் பாசித் தொட்டி நிரம்பி நிற்கும்.

நாங்கள் இருவரும் அந்தச் சண்டைக்குப் பிறகு பிறந்தவர்கள். தம்பியின் குளியலறையை எட்டிப் பார்த்தேன். தொட்டி தளும்பிக்கொண்டிருந்தது.

"இங்க என்னைக்காவது தண்ணி வராம நின்னுருக்காலே?"

"இல்லண்ணே," என்றான். "காலியா கெடந்தா உறக்கம் வரமாட்டேங்கு."