மெக்சிகோ மல்யுத்தமும் என் மகளின் முகமூடியும்

மத்தியானம் இரண்டு நாற்பதுக்கு என் சகலை என் மகளை "என் பொண்ணு" என்று சொன்னான். அதுவரை எல்லாம் சரியாக இருந்தது என்று சொல்ல மாட்டேன். ஆனால் எப்போது கெட்டது என்று நேரம் கேட்டால் அதைத்தான் சொல்வேன். இந்தக் கேசட் எப்போது முடியும் என்று அந்த நிமிஷம் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

எண்பதுகளின் நடுவில் ஒரு மே மாதம். ஜவ்வாது மலையில், நெல்லிவாசல்நாட்டுப் பக்கம் ஒரு சின்ன ஊரில் நான் ஆசிரியர். ஐந்தாம் வகுப்போடு முடிந்துவிடும் பள்ளி. என் ஒரே மகள் அந்த வருஷம் ஐந்தாவது முடித்திருந்தாள். என் மனைவியின் தங்கையும் அவள் கணவனும் சென்னையிலிருந்து வந்திருந்தார்கள். அவன் சரக்குக் கப்பலில் வேலை செய்கிறவன். அவர்களுக்குப் பிள்ளை இல்லை. மகளை அனுப்பினால் தங்களோடு வைத்துப் படிக்கவைப்பதாகச் சொன்னார்கள். நான் ஆலங்காயத்துக்கு மாற்றல் கேட்டு எழுதியிருந்தேன். அது கிடைத்தால் அவள் என்னோடு இருந்தே ஆறாவது படிப்பாள். என் மனைவி எந்தப் பக்கமும் சேராமல், "அவளையே கேளுங்க" என்றாள்.

"கேட்டுடலாம். நீங்க கிளம்பறதுக்கு முந்தின நாள் சாயந்திரம் அவளே சொல்லட்டும்" என்றேன். அவ்வளவு நம்பிக்கை எனக்கு.

அந்த நம்பிக்கை பத்து நாளில் கரைந்தது. சகலை ஒரு கலர் டிவியும், எந்த நாட்டுக் கேசட்டையும் ஓட்டுகிற டெக்கும் கொண்டுவந்திருந்தான். கூடவே, கப்பல் மெக்சிகோ துறைமுகத்தில் நின்றபோது வாங்கிய ஒரு கேசட். அங்கே மல்யுத்தம் நடத்தும் ஒரு கம்பெனி, தான் தொடங்கிய நாளை ஒவ்வொரு வருஷமும் பெரிய அரங்கில் திருவிழா மாதிரி கொண்டாடுமாம். அந்த ஆண்டு விழாவின் சண்டைகள் அதில் இருந்தன. ஊரில் கரண்ட் இல்லாததால், அந்தச் சண்டைகளை ஒன்று விடாமல் மகளுக்குக் கதையாகவே சொன்னான். மகளுக்கென்று ஒரு வெள்ளி நிற முகமூடியும் வாங்கி வந்திருந்தான். பின்னந்தலையில் கயிறு கட்டி இறுக்குகிற துணி முகமூடி.

வாய்ப்பாடு சொல்லச் சொன்னால் முனகுகிற பெண், அவனிடம் இரண்டே நாளில் அந்த ஊர் பாஷையில் எண்ணக் கற்றுக்கொண்டாள். உனோ, தோஸ், த்ரேஸ். காலையில் பல் துலக்கும்போதும் உனோ, தோஸ். நான்கு வயதில் அவள் விரலைப் பிடித்து மணலில் 'அ' எழுதவைத்தவன் நான். அதெல்லாம் ஞாபகம் இருக்கிறதா என்று ஒருநாள் அவளிடம் கேட்டேன். "எது நைனா?" என்றாள், டெக்கைத் துடைத்துக்கொண்டே.

கிளம்புவதற்கு முந்தைய நாள், ஊருக்கே காட்டிவிட்டுப் போகலாம் என்றான் சகலை. ஆலங்காயத்திலிருந்து ஜீப்பில் ஜெனரேட்டர் வந்தது. என் வகுப்பறையில், என் மேஜைமேல் டிவியை வைத்தான். சன்னல்களுக்குக் கம்பளி மாட்டினோம். வெளிச்சம் போனதும் உள்ளே நூறு தலை.

நான் வருஷக்கணக்காய்ப் பாடம் சொன்ன அறையில் என் மகள் முகமூடியோடு நாற்காலிமேல் ஏறி நின்று ஊருக்கு விளக்கம் சொன்னாள். யார் நல்லவன், யார் ஏமாற்றுகிறவன், எதற்கு மூன்று எண்ணுகிறார்கள். கீழே விழுந்தவனை அமுக்கியதும் ஊரே அவளோடு சேர்ந்து எண்ணியது. "உனோ! தோஸ்!" என் பாடத்துக்கு ஒருநாளும் வராத சத்தம்.

ஒரு சண்டையில் தோற்றவனுக்கு மேடையிலேயே மொட்டை அடித்தார்கள். பந்தயமே அதுதான்.

"திருப்பதிக்குப் போற செலவு மிச்சம்டா" என்றது ஒரு குரல்.

"உனுக்கு மொட்டைக்கு இன்னா கீது? காதுகிட்ட நாலு மயிரு" என்றாள் ஒருத்தி. சிரிப்பு அடங்க நேரமானது. சகலை எல்லாரையும்விடச் சத்தமாகச் சிரித்தான். என் மகள் அவன் தோளில் கையூன்றிச் சிரித்தாள்.

கடைசிச் சண்டையில் பந்தயம் முகமூடி. தோற்றவன் தன் முகமூடியைக் கழற்றி, அத்தனை பேர் முன்னால் தன் பெயரைச் சொல்ல வேண்டும். நீல முகமூடிக்காரன் தோற்றான். மண்டியிட்டு, பின்னந்தலைக் கயிற்றைத் தடவினான்.

"நிறுத்துங்கோ!" என்று முன்வரிசையிலிருந்து ஒரு பெரியவர் எழுந்தார். அந்த ஊர்க் கூத்தில் நரசிம்மர் முகமூடி கட்டி ஆடுகிறவர்; முகம் என்றுதான் அதைச் சொல்வார்கள். அந்த முகம் கோயிலில் இருக்கும். விரதம் இருந்துதான் கட்டுவார்கள். இறக்கும்போது சூடம் காட்டுவார்கள், கட்டினவர் கைதான் இறக்கும். வேறொருவர் கை பட்டால் கட்டினவருக்கு ஆகாது என்பார்கள்.

"சூடம் இல்லாம முகத்த எறக்கறானே, இன்னாடா இது! அந்த ஆளுக்கு எதுனா ஆயிட்டா?" என்றார் அவர். இரண்டு பேர் சூடம் எடுத்துவர ஓடினார்கள். சகலை டெக்கை நிறுத்தினான். திரையில் படம் நடுங்கியபடி நிற்க, நீலக்காரன் கயிற்றில் கை வைத்து மண்டியிட்டே இருந்தான்.

"தாத்தா, சூடம் வாணாம். அவுரே கழட்டுவாரு. பேரு சொல்லுவாரு. யாரும் தொட மாட்டாங்க" என்றாள் மகள்.

பெரியவர் யோசித்தார். "அவனே எறக்குறான்னா சரி."

"பாத்தீங்களா? என் பொண்ணு சொன்னா சரியாத்தான் இருக்கும்" என்றான் சகலை.

சாதாரணமாகச் சொன்னான். எந்தச் சித்தப்பனும் சொல்வதுதான். நான் பின்பெஞ்சிலிருந்து எழுந்து, கால்களையும் கைகளையும் மிதித்துக்கொண்டு முன்னே போனேன். நாற்காலிமேல் நின்றவளின் முகமூடியை உச்சியில் பிடித்து இழுத்தேன். கயிறு அவள் பின்னலில் சிக்கியிருந்தது. இன்னும் பலமாக இழுத்தேன். முடியோடு வந்தது.

யாரோ ஒரு பெண், "ஐயோ, வாத்தியாரே" என்றாள், மிக மெதுவாக. பெரியவர் இரண்டு கையாலும் கண்ணை மூடிக்கொண்டார்.

மகள் அழவில்லை. வேர்த்துச் சிவந்திருந்த முகம். என்னை ஒரு புதிய ஆளைப் பார்ப்பதுபோலப் பார்த்தாள். இறங்கி, ஆட்களுக்கிடையே நுழைந்து வெளியே ஓடிவிட்டாள்.

வீட்டுக்குத்தான் போயிருப்பாள் என்று நினைத்தேன். அங்கே இல்லை. நான்கு மணிக்குள் ஊர் முழுக்கத் தேடினோம். பிறகு புளியமரங்களுக்கு அந்தப் பக்கம், சாமை விளைகிற கொல்லைகள், ஓடைப் பள்ளம். கிணறு என்று யாரோ சொல்லத் தொடங்கி, என் மனைவியைப் பார்த்ததும் நிறுத்திக்கொண்டார்கள். அவள் என் கையிலிருந்து முகமூடியைப் பிடுங்கித் தன் இடுப்பில் செருகிக்கொண்டாள்.

சகலை ஓடைக்கு அந்தக் கரையில், நான் இந்தக் கரையில். இருவரும் அவளைக் கூப்பிட்டுக்கொண்டே போனோம். அவன் குரல் உடைந்திருந்தது. "அம்மாடி, வந்துடும்மா, ஒண்ணுஞ் சொல்ல மாட்டாங்க." அப்போது என் மனதில் ஓடியதை இதுவரை யாரிடமும் சொன்னதில்லை. அவன் குரலுக்கு அவள் பதில் கொடுத்துவிடக் கூடாது என்று வேண்டிக்கொண்டேன். அவள் கிடைக்க வேண்டும் என்று வேண்டிக்கொள்வதற்கு முன்னால் அதை வேண்டிக்கொண்டேன். பெற்றவன் நினைக்கிற நினைப்பா அது?

பொழுது சாய்ந்தபோது பள்ளி வாசலுக்கே திரும்பினோம். யாரோடு இருப்பது என்று அவள் சொல்ல வேண்டிய சாயந்திரம் அது. சகலையின் மனைவி படியில் உட்கார்ந்திருந்தாள். அவன் என்னிடம், "அண்ணே, நான் சொன்னது தப்புதான்" என்றான். எனக்கு அதுவும் பிடிக்கவில்லை. தப்பைக்கூட அவனே எடுத்துக்கொள்கிறானே என்றிருந்தது.

அப்போது தெருமுனையில் நரசிம்மர் முகம் கட்டுகிறவரின் மனைவி வந்தாள். அவள் கையைப் பிடித்துக்கொண்டு என் மகள். தலைக்கு எண்ணெய் வைத்து, புதிதாகப் பின்னியிருந்தது.

"எங்க வூட்லதான் இருந்தா, வாத்தியாரே. உள்ளாற, கேவுரு மூட்டைக்குப் பின்னால. களி போட்டேன், துண்ணா" என்றாள் அந்த அம்மாள். "நீங்க ரெண்டு பேரும் கூப்ட்டது கேட்டுச்சு. போறியாம்மான்னு கேட்டேன். வாணாம்னுட்டா."

நான் கையை நீட்டினேன். மகள் என்னைத் தாண்டினாள். சகலையையும் தாண்டினாள். படியருகே போய் நின்றாள்.

"சித்தி, காலையில கீழ போற பஸ்ஸு எத்தினி மணிக்கு?" என்றாள்.